எங்கப்பாவை திருடன்னு சொன்ன கார்

பதிவு எழுதி ரொம்ப நாளாச்சு. ஆபீஸ்ல ஆணி அதிகம்னு வழக்கமான சாக்கைச் சொல்லலாம். உண்மை என்னன்னா எழுதற மாதிரி எதுவும் மாட்டலை. போன மாசம் ஒரு செவ்வாய்க்கிழமை ராத்திரி மாட்டுச்சு. மாட்டாமலே இருந்திருக்கலாம்.

நம்ம ஊர் மண்ணூர். பெங்களூர் ஹைவேல தண்டலத்துல பிரிஞ்சு பேரம்பாக்கம் போற ரோட்டுல வரும். பக்கத்துலயே இருங்காட்டுக்கோட்டை, அந்தப் பக்கம் போனா ஒரகடம். நான் பொறந்த சமயத்துலதான் இந்தப் பக்கம் கார் கம்பெனி வந்துச்சு. இருங்காட்டுக்கோட்டையில ஹூண்டாய் 1998-ல சான்ட்ரோவை இறக்குச்சு. ஒரகடத்துல ரெனோ-நிஸான் 2010-ல ஆலையைத் திறந்தாங்க. அதுங்களுக்கு பார்ட்ஸ் செஞ்சு தர சின்னதும் பெருசுமா வெண்டார் கம்பெனிங்க எத்தனையோ. ஏரிக்கரையில நின்னு பார்த்தா ஹைவேல புது காரை அடுக்கிக்கிட்டு டிரெய்லர் போயிட்டே இருக்கும். சின்ன வயசுல அதை எண்ணுறதுதான் எங்களுக்கு விளையாட்டு.

எங்கப்பா அப்படி ஒரு வெண்டார் கம்பெனி ப்ரெஸ் ஷாப்ல 22 வருஷம் வேலை பார்த்தவர். கார் கதவுக்கு உள்ள வர்ற தகட்டை அடிக்கிற மெஷின். ஊர்ல ஓடுற எந்தக் காரைப் பார்த்தாலும், "இதோட கதவுக்குள்ள இருக்கறது நான் அடிச்சதுடா"ன்னு சொல்லுவார். உண்மையா பொய்யான்னு இன்னிக்கு வரைக்கும் கேட்டதில்லை. ஆனா சொந்தமா கார் வாங்குனது ரிட்டயர் ஆனப்புறம்தான். 2013 மாடல், செகண்ட் ஹேண்ட், சின்ன பெட்ரோல் வண்டி. வாங்கும்போது ஒரே ஒரு சாவி. "இன்னொண்ணு எங்கயோ தொலைஞ்சு போச்சு சார்"னான் வித்தவன். நாங்களும் தலையாட்டிட்டோம்.

அப்பாவுக்கு ஒத்தை சாவி மனசுக்கு ஒப்பலை. ஸ்ரீபெரும்புதூர்ல சாவி வெட்டுறவர்கிட்ட போய் 200 ரூபாய்க்கு ஒரு டூப்ளிகேட் அடிச்சிட்டு வந்து, கதவைத் திறந்து மூடிப் பார்த்துட்டு, "வேலை முடிஞ்சுது"ன்னு வாசல் பக்கத்து ஆணியில மாட்டிட்டார். நானும் பார்த்தேன். இஞ்சினியரிங் படிச்ச நாய் நான், "இஞ்சின் ஸ்டார்ட் பண்ணிப் பார்த்தியாப்பா?"ன்னு ஒரு வார்த்தை கேட்டிருக்கலாம். கேட்கலை.

வார நாள்ல எனக்கு வேளச்சேரியில ரூம். அந்த ஞாயித்துக்கிழமை நான்தான் காரை எடுத்துட்டு கடைக்குப் போனேன். திங்கட்கிழமை காலையில பஸ் ஏறுனேன். ஒரிஜினல் சாவி என் ஜீன்ஸ் பாக்கெட்லயே வேளச்சேரி வந்துடுச்சு.

செவ்வாய் ராத்திரி 1:40. அப்பா போன். அம்மாவுக்கு வீசிங். இன்ஹேலர் அடிச்சும் அடங்கலை.

"வண்டி ஸ்டார்ட் ஆவ மாட்டேங்குதுடா. ஒரு செகண்டு ஓடுது, அப்படியே நின்னுடுது."

"எந்த சாவிப்பா?"

"ஆணியில இருந்ததுதான்."

"டேஷ்போர்டுல சாவி படம் போட்ட லைட்டு ஏதாவது கண்ணடிக்குதா பாரு."

"ஆமா. விட்டு விட்டு எரியுது."

எனக்கு வயித்துல ஒரு கல்லு விழுந்துச்சு. 45 கிலோமீட்டர் தள்ளி, மேஜை மேல அந்த சாவி என்னையே பார்த்துக்கிட்டு கிடக்கு. "அந்த சாவியில ஓடாதுப்பா. வேற வண்டி பாரு, சீக்கிரம்." அதுக்குள்ள பதினஞ்சு நிமிஷம் போயிருந்துச்சு, அந்த சாவியைத் திருப்பித் திருப்பியே. எதிர்வீட்டு அண்ணன் குட்டியானையை எடுத்தார். அம்மா முன்சீட்ல. அப்பா பின்னாடி லோடு ஏத்துற இடத்துல பலகையைப் பிடிச்சிட்டு நின்னுக்கிட்டே ஸ்ரீபெரும்புதூர் ஆஸ்பத்திரி வரைக்கும் போயிருக்கார். ஆக்ஸிஜன், நெபுலைசர். விடியறதுக்குள்ள அம்மா சரியாயிட்டாங்க. இப்போ நல்லா இருக்காங்க, அதனாலதான் இதை உட்கார்ந்து எழுத முடியுது.

காலையில நான் சாவியோட வந்து சேர்ந்தப்போ அப்பா ஒண்ணே ஒண்ணுதான் கேட்டார். "கதவைத் திறக்குற சாவி ஏன்டா இஞ்சினை ஓட்டாது?" நான் அசடு வழிய, "காரு உன்னை திருடன்னு நினைச்சிடுச்சுப்பா"ன்னேன். அவர் சிரிக்கலை.

அவருக்குச் சொன்ன விளக்கத்தைத்தான் இங்கயும் எழுதறேன்.

அந்த லைட்டோட பேர் இம்மொபிலைசர். கார் சாவியோட பிளாஸ்டிக் தலைக்குள்ள ஒரு சின்ன சிப் இருக்கும். பல சாவியில அது அரிசி சைஸ் கண்ணாடிக் குப்பிக்குள்ள இருக்கும். டிரான்ஸ்பாண்டர்னு பேர். இதுக்கு பேட்டரி கிடையாது (கதவு லாக் பண்ற ரிமோட் பட்டனுக்குத்தான் பேட்டரி, அது வேற சமாச்சாரம்). சாவி நுழைக்கிற ஓட்டையைச் சுத்தி ஒரு செப்புக்கம்பி வளையம் இருக்கும். சாவியைத் திருப்புனதும் அந்த வளையம் 125 கிலோஹெர்ட்ஸ் மாதிரி தாழ்ந்த அலைவரிசையில ஒரு காந்தப் புலத்தை உண்டாக்கும். அந்தப் புலத்துல இருந்தே சிப் தனக்கு வேண்டிய கரண்டை எடுத்துக்கிட்டு முழிச்சுக்கும். டிரான்ஸ்ஃபார்மர் படிச்சவங்களுக்கு விளங்கும்: ஒரு காயில் வண்டியில, இன்னொரு காயில் சாவியில.

முழிச்ச சிப் என்ன பேசுது? ஆரம்ப கால சிப்பெல்லாம் தன்னோட நம்பரை மட்டும் சொல்லும். ஒட்டுக்கேட்டவன் அதே நம்பரைத் திருப்பிச் சொன்னா கதை முடிஞ்சுது. அதனால அடுத்து வந்தது கேள்வி-பதில் முறை. கார் ஒவ்வொரு தடவையும் புதுசா ஒரு எண்ணைச் சொல்லும். சாவிக்குள்ள ஒரு ரகசிய எண் இருக்கு, அதே ரகசியம் காருக்கும் தெரியும். சாவி அந்தக் கேள்வியையும் ரகசியத்தையும் சேர்த்து ஒரு கணக்குப் போட்டு விடையை மட்டும் அனுப்பும். கார் தானும் அதே கணக்கைப் போட்டுப் பார்க்கும். ரெண்டும் ஒத்துப்போனா ஈ.சி.யூ. பெட்ரோலையும் ஸ்பார்க்கையும் விடும். இல்லைன்னா நிறுத்திடும். சில வண்டியில ஸ்டார்ட்டரே சுத்தாது, சில வண்டியில ஒரு செகண்ட் ஓடி நிக்கும். ரகசியம் மட்டும் காத்துல பயணிக்கவே பயணிக்காது. அதுதான் இதுல இருக்கற அழகு.

அப்பாவோட 200 ரூபாய் சாவியில பல்லு சரியா இருந்துச்சு, அதனால பூட்டு திறந்துச்சு. உள்ள சிப் இல்லை. வளையம் கேள்வி கேட்டுச்சு, பதில் சொல்ல ஆள் இல்லை.

இது பிரயோஜனமான ஐடியாவான்னா, சத்தியமா ஆமா. ஐரோப்பிய யூனியன்ல 1998-ல இருந்து புது கார் எல்லாத்துக்கும் இது கட்டாயம். நெதர்லாந்துல ரெண்டு பொருளாதார ஆய்வாளர்கள் கணக்குப் போட்டு, இந்தச் சட்டத்தால கார் திருட்டு சுமார் 40 சதவீதம் குறைஞ்சதுன்னு சொன்னாங்க. கனடாவுல 2007 செப்டம்பர்ல இருந்து கட்டாயம்.

அமெரிக்காவுல கட்டாயம் கிடையாது. அங்கதான் நம்ம ஊருக்கு ரொம்பத் தெரிஞ்ச ஒரு பேர் மாட்டுச்சு. 2011-ல இருந்து 2021 வரைக்கும் அங்க வித்த ஹூண்டாய், கியா வண்டிகள்ல, சாவி திருப்பி ஓட்டுற விலை குறைஞ்ச மாடல் நிறைய இம்மொபிலைசர் இல்லாமலே போயிருக்கு. 2015 மாடல்கள்ல மத்த கம்பெனி வண்டியில 96 சதவீதத்துல அது ஸ்டாண்டர்டா இருந்தப்போ, இவங்க ரெண்டு பேர் வண்டியில 26 சதவீதத்துலதான் இருந்துச்சுன்னு அங்க இருக்கற இன்ஷூரன்ஸ் ஆராய்ச்சி அமைப்பு சொல்லுது. மில்வாக்கி நகரத்துப் பசங்க இதைக் கண்டுபிடிச்சாங்க. ஸ்டியரிங் கீழ இருக்கற மூடியைப் பேர்த்துட்டு யூ.எஸ்.பி. கேபிள் முனையால திருப்புனா வண்டி கிளம்பிடும். 2022-ல டிக்டாக்ல அது ஊரெல்லாம் பரவுச்சு. ஸ்கூல் பசங்க கார் திருடி ஓட்டி மோதி செத்தாங்க. 2023 பிப்ரவரியில அந்த நாட்டு சாலைப் பாதுகாப்புத் துறை சொன்ன கணக்குப்படி குறைஞ்சது 14 விபத்து, 8 சாவு. 83 லட்சம் வண்டிக்கு இலவசமா சாஃப்ட்வேரை மாத்தித் தர வேண்டி வந்துச்சு. வழக்கு சுமார் 20 கோடி டாலர்ல சமரசமாச்சு.

அந்த வண்டியெல்லாம் இருங்காட்டுக்கோட்டையில செஞ்சது இல்லை. ஆனா எனக்கு உறைச்சது வேற. 2008 வாக்குல இருங்காட்டுக்கோட்டையில இருந்து ஐ10, ஐ20 எல்லாம் ஐரோப்பாவுக்குக் கப்பல் ஏறிட்டு இருந்துச்சு. நான் ஏரிக்கரையில எண்ணுன டிரெய்லர்ல அதுவும் போயிருக்கும். அங்க சட்டம் இருக்கறதால அந்த வண்டியில இம்மொபிலைசர் இல்லாம விக்கவே முடியாது. அதாவது, அந்தக் கம்பெனிக்கு இதைச் செய்யத் தெரியும், செஞ்சுக்கிட்டும் இருந்தாங்க. சட்டம் கேட்காத ஊர்ல மட்டும் பல வண்டியில விட்டுட்டாங்க. நாங்க பொட்டி தட்டுற இடத்துலயும் இதே கதைதான். 'ரிக்வயர்மென்ட்ல இல்லை'ன்னு செக்யூரிட்டி டெஸ்டை வெட்டுறதை நான் எத்தனை மீட்டிங்ல பார்த்திருக்கேன். நானே தலையாட்டியிருக்கேன்.

சரி, இம்மொபிலைசர் இருந்தா மட்டும் போதுமா? அதுவும் இல்லை. அந்தக் கேள்வி-பதில் கணக்கு எவ்வளவு கஷ்டமானதுங்கறதுலதான் எல்லாம் இருக்கு. டெக்ஸாஸ் இன்ஸ்ட்ருமென்ட்ஸ் போட்ட ஒரு சிப்ல ரகசிய எண் 40 பிட். சுமார் 1 லட்சத்து 10 ஆயிரம் கோடி சாத்தியங்கள். மனுஷனுக்குப் பெருசு, மெஷினுக்கு இல்லை. 2005-ல ஜான்ஸ் ஹாப்கின்ஸ் பல்கலைக்கழக ஆளுங்க, சிப்போட ரெண்டு கேள்வி-பதிலை மட்டும் பிடிச்சு வெச்சுக்கிட்டு, 16 எஃப்.பி.ஜி.ஏ. சிப் வெச்சு ஒரு மணி நேரத்துக்குள்ள ரகசியத்தைக் கண்டுபிடிச்சு ஒரு ஃபோர்டு காரை ஸ்டார்ட் பண்ணிக் காட்டுனாங்க.

பாடம் கத்துக்கிட்டு அடுத்த சிப்புக்கு 80 பிட் வெச்சாங்க. 2020-ல பெல்ஜியம், இங்கிலாந்து ஆராய்ச்சியாளர்கள் அதைப் பிரிச்சுப் பார்த்தாங்க. ஹூண்டாய், கியா சில மாடல்கள்ல அந்த 80 பிட்ல உண்மையிலேயே ஊகிக்க முடியாததுன்னு இருந்தது 24 பிட்தான். 1 கோடியே 67 லட்சம் சாத்தியங்கள், ஒரு சாதா லேப்டாப்புக்கு கண் இமைக்கிற நேரம். டொயோட்டாவுல ரகசியத்தையே சாவியோட சீரியல் நம்பர்ல இருந்து உருவாக்கியிருந்தாங்க. அந்த நம்பரை சாவி கேட்டவனுக்கெல்லாம் சொல்லும். நல்ல பூட்டை வாங்கி, கோத்ரெஜ் பீரோ சாவியை பீரோ மேலயே வைக்கிற கதை :)

இன்னொரு கூத்து மெகமோஸ் சிப். அதோட ஓட்டையை மூணு ஆராய்ச்சியாளர்கள் கண்டுபிடிச்சு எழுதுன கட்டுரையை வெளியிடக் கூடாதுன்னு, 2013-ல ஃபோக்ஸ்வேகன் லண்டன்ல கோர்ட்டுக்குப் போய் தடை வாங்குச்சு. ரெண்டு வருஷம் இழுத்து, 2015-ல ஒரே ஒரு வாக்கியத்தை மட்டும் எடுத்துட்டு வெளிவந்துச்சு. அந்த ரெண்டு வருஷம் அந்த ஓட்டையோட கார் ஓட்டுனவனுக்கு யாரும் எதுவும் சொல்லலை.

இதெல்லாம் படிச்ச ஞானத்தோட அந்த வாரம் சனிக்கிழமை ஒரு சாவிக்கார தம்பியை வரச் சொன்னேன். இருபத்தி மூணு, இருபத்தி நாலு வயசு இருக்கும். பைக்ல வந்தான். தோள் பையில ஒரு டேப்லெட், ஒரு வயர், டப்பா நிறைய சிப் வெச்ச வெத்து சாவி. ஸ்டியரிங் கீழ இருக்கற ஓ.பி.டி. சாக்கெட்ல வயரைச் சொருகுனான். (மெக்கானிக் ஸ்கேன் பண்ணுவாரே, அதே சாக்கெட்தான்.) நாலு பட்டன் தட்டுனான். பதினஞ்சே நிமிஷத்துல புது சாவியில வண்டி உறுமுச்சு. 3,500 ரூபாய்.

நான் அசந்து போய் நின்னேன். மேல சொன்ன 40 பிட், 80 பிட் எதையும் அவன் உடைக்கலை. உடைக்க வேண்டிய அவசியமே இல்லை. சாவி தொலைச்சவங்களுக்குப் புது சாவி ஏத்த கம்பெனியே வெச்ச வாசல் ஒண்ணு இருக்கு. சர்வீஸ் சென்டருக்கு மட்டும் தெரிய வேண்டிய பின் நம்பர் கேட்கும் வாசல். சில பழைய மாடல்ல அந்தப் பின்னை வண்டியில இருந்தே படிக்கிற டூல் மார்க்கெட்ல கிடைக்குது. டெல்லி பக்கம் கார் திருட்டு கும்பல் பிடிபடும்போது இதே மாதிரி டேப்லெட்டும் வெத்து சாவியும் சேர்ந்து பிடிபடுற செய்தி அடிக்கடி வரும். பூட்டு எவ்வளவு கெட்டியா இருந்தாலும், பூட்டுக்காரன் வாசல் அளவுக்குத்தான் வீடு பத்திரம்.

அப்போதான் டேப்லெட் ஸ்கிரீனைப் பார்த்தேன். 'பதிவான சாவிகள்: 4'.

"தம்பி, இப்போ ஏத்துனதோட சேர்த்து ரெண்டுதானே இருக்கணும்?"

"அது பழைய ஓனரோடதா இருக்கும் சார். ஒண்ணும் ஆவாது."

ஒண்ணும் ஆவாதா? எங்க கையில இருந்தது ஒரு சிப் சாவி. புதுசு ஒண்ணு. மிச்சம் ரெண்டு சாவி இந்த உலகத்துல எங்கயோ, யார் பாக்கெட்லயோ, எங்க காரோட ரகசியத்தை வெச்சுக்கிட்டு இருக்கு. ரெண்டு வருஷமா. ராத்திரி அம்மாவைத் தூக்கிட்டு வந்த எங்கப்பாவை திருடன்னு சொன்ன அதே கார், அந்த ரெண்டு சாவியில எது வந்திருந்தாலும் "வாங்க முதலாளி"ன்னு கிளம்பியிருக்கும்.

"எல்லாத்தையும் அழிச்சிட்டு இந்த ரெண்டை மட்டும் ஏத்துங்க"ன்னேன். இன்னொரு 500 ரூபாய். இப்போ ஸ்கிரீன்ல 2.

தம்பி கிளம்புனப்புறம் அப்பா திண்ணையில உட்கார்ந்து ரொம்ப நேரம் பேசலை. அப்புறம் கேட்டார்.

"டேய், அவன் நம்மகிட்ட ஆர்.சி. புக்கு கேட்டானா?"

கேட்கலை. லைசென்ஸ் கேட்கலை. பேரு கூட கேட்கலை. வந்தான், காசு வாங்கினான், சாவி கொடுத்தான், போனான். எல்லா பிட்டையும் எண்ணிக்கிட்டு இருந்த எனக்கு அது தோணவே இல்லை.

"22 வருஷம் ஷிப்டு முடிஞ்சு வெளிய வரும்போது டிபன் கேரியரைத் திறந்து காட்டிட்டுத்தான்டா வந்தேன். ஒரு போல்ட்டு எடுத்துட்டுப் போயிடுவேனோன்னு. முழு காருக்கு சாவி போடுறவன் யாரையும் எதுவும் கேக்க வேணாமா?"

எனக்கு பதில் தெரியலை. அந்தத் தம்பி நல்லவன்தான். அவன் இல்லாட்டி சர்வீஸ் சென்டர்ல பல மடங்கு காசும் பல நாளும் ஆகியிருக்கும். அவன் தொழிலை முடக்கணும்னு எனக்கு ஆசை இல்லை. ஆனா ஒரு நோட்டுல பேரும் ஆர்.சி. நம்பரும் எழுதிக்கிறதுக்கு எந்த கிரிப்டோகிராபியும் வேண்டாமே. அப்பா கேட்டது அவ்வளவுதான்.

உங்களுக்கு உபயோகப்படுற மாதிரி கொஞ்சம்:

செகண்ட் ஹேண்ட் கார் வாங்குனா, ரெண்டு சாவியும் கேட்டு வாங்குங்க. திருட்டுப் போனா இன்ஷூரன்ஸ்காரன் ரெண்டு சாவியையும் கேட்பான். ஒண்ணுதான் இருக்குன்னா விலையில குறைச்சுக்குங்க. முதல் வாரமே பதிவான சாவி எத்தனைன்னு ஸ்கேன் பண்ணிப் பார்த்து, கையில இல்லாததை அழிக்கச் சொல்லுங்க.

டூப்ளிகேட் அடிச்சா கதவோட நிறுத்தாம, இஞ்சினை ஸ்டார்ட் பண்ணி அஞ்சு நிமிஷம் ஓட்டிப் பாருங்க. தயவுசெஞ்சு.

பட்டன் அமுக்கி ஸ்டார்ட் பண்ற புது வண்டி வெச்சிருக்கவங்களுக்கு வேற தலைவலி. வீட்டுக்குள்ள இருக்கற சாவியோட சிக்னலை ரெண்டு கருவி வெச்சு வாங்கி வாசல்ல நிக்கிற காருக்குக் கடத்துவாங்க. 2011-லயே சுவிட்சர்லாந்து ஆராய்ச்சியாளர்கள் 8 கம்பெனியோட 10 மாடலை சோதிச்சு, பத்துலயும் இது நடக்கும்னு காட்டிட்டாங்க. ராத்திரி சாவியை இறுக்கமா மூடுற எவர்சில்வர் டப்பாவுல போட்டுப் பாருங்க. டப்பாவோட கார் பக்கத்துல போய் கதவு திறக்குதான்னு சோதிங்க. திறந்தா வேற டப்பா.

இது எல்லாத்துக்கும் மேல ஒரு ஸ்டியரிங் பூட்டு. பார்க்க அசிங்கமா இருக்கும். அமெரிக்காவுல அந்த வண்டிக்காரங்களுக்கு கடைசியில கம்பெனியே அதைத்தான் கொடுத்துச்சு.

இப்போ எங்க வீட்டு ஆணியில சிப் வெச்ச சாவி தொங்குது. அந்த 200 ரூபாய் சாவியை தூக்கிப் போடப் போனேன். அப்பா விடலை. "இருக்கட்டும், சாவி உள்ள மாட்டிக்கிட்டா கதவையாவது திறக்கும்ல"ன்னு டிவி ஸ்டாண்ட் டிராயர்ல போட்டுட்டார். அவர் சொல்றதும் சரிதான்.

நான் ஞாயித்துக்கிழமை பஸ் ஏறும்போது, அம்மா வாசல்ல நின்னு "சாவியைக் காட்டு"ன்னு பாக்கெட்டைத் தடவிப் பார்த்துத்தான் அனுப்புறாங்க. கம்பெனி கேட்டுல அப்பா 22 வருஷம் நின்ன மாதிரி, கையைத் தூக்கிட்டு நிக்கிறேன்.

டிஸ்கி: உங்க வண்டியில எத்தனை சாவி பதிவாயிருக்குன்னு பார்த்துட்டு வந்து சொல்லுங்க மக்களே. எங்களோட 4-ஐ மிஞ்சுறவங்க யாராவது இருக்கீங்களான்னு பார்ப்போம்.